பீஸுக்கு டைரக்ட் கொடுத்த மாப்பிள்ளை

துணி காயவைக்கும் மெஷினின் பின்வாயில் என் சொந்த லுங்கியை என் சொந்தக் கையால் திணித்துவிட்டு, மெஷினுக்கு என்ன வியாதி என்று அந்த வாரம் முழுக்க அதன் வயிற்றுக்குள் தலையை விட்டுத் தேடிய ஆள் நான். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பிறகு என் மனைவி வாயால் கேட்டீர்களென்றால் இன்னும் அசிங்கமாக இருக்கும்.

டிரையர் என்பது ஈரத்துணியைச் சுழற்றிச் சூடேற்றி, அந்த ஈரக்காற்றை மடிப்பு மடிப்பான ஒரு அலுமினியக் குழாய் வழியாகச் சுவருக்கு வெளியே ஊதித் தள்ளுகிற பெட்டி. எங்கள் வீடு மாமல்லபுரத்தில், ஈசிஆர் ரோட்டுக்கும் கடலுக்கும் நடுவில். ஐப்பசியில் இங்கே மழை மேலிருந்து வராது, பக்கவாட்டில் வரும். ஒரு நாள் அந்தக் குழாய் வழியாகச் சாரலும், சாரலுக்குத் துணையாக ஒரு பல்லியும் உள்ளே வந்தன. வீட்டில் ஆண்பிள்ளை ஒருவன் இருக்கிறான் என்று காட்ட இதைவிட நல்ல சந்தர்ப்பம் வராது என்று, கொல்லைப்பக்கம் போய், கிழிந்த நீலக் கட்டம் போட்ட லுங்கியைச் சுருட்டிக் குழாயின் வெளிவாயில் அடைத்தேன். மழை விட்டதும் எடுத்துவிடலாம் என்று நினைத்தேன். மழை விடவில்லை. நான் மறந்துவிட்டேன். யாரிடமும் சொல்லவும் இல்லை, ஏனென்றால் சொல்லும்படியான வீரம் அதில் பல்லிக்கு மட்டும்தான் இருந்தது.

என் உத்தியோகம் என்ன தெரியுமா? மறைமலைநகரில் கார் பாகம் செய்கிற கம்பெனியில் குவாலிட்டி. ஒரு பாகத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, எங்கே கோளாறு என்று கண்டுபிடித்துச் சிவப்பு ஸ்டிக்கர் ஒட்டுவதற்குத்தான் எனக்குச் சம்பளம். கம்பெனி பஸ்ஸில் என்னோடு வருகிறவர்கள் இதைப் படிக்காமல் இருக்க வேண்டும்.

டிரையரெல்லாம் வைத்துக்கொள்ளும் அளவுக்கு நாங்கள் பெரிய இடம் இல்லை. ஈசிஆரில் ஒரு ஹோட்டல்காரர் பழைய சாமான்களைக் கழித்துக்கட்டியபோது வாங்கிப்போட்டது. வாங்கியதற்குக் காரணம் என் மாமனார்.

அவர் ஓய்வுபெற்ற பஸ் கண்டக்டர். இதே கடற்கரை ரூட்டில்தான் சர்வீஸ் முழுக்க. ரிட்டயர் ஆன பிறகும் அவர் மனிதர்களைப் பார்த்ததில்லை, பயணிகளைத்தான் பார்த்தார். என் கல்யாணத்தன்று, மாப்பிள்ளை எப்படி என்று கேட்ட சொந்தக்காரர்களிடம், "சீட்டு காலியா இருந்திச்சி, ஏத்திக்கினோம்" என்று சொன்னவர். அவர் வீட்டுக்குப் போனால் நான் வாசல்படியிலேயே நின்று பேசிவிட்டுத் திரும்புவேன் என்பதால் எனக்கு வைத்த பெயர் ஃபுட்போர்டு. இத்தனை வருஷத்தில் என்னை வேறு பெயரில் கூப்பிட்டதாக நினைவில்லை.

அவருக்குப் பெருமையான கதை ஒன்று இருந்தது. பெருமழையில் கைக்குழந்தையோடு ஒரு பெண் பஸ்ஸில் கண்ணயர்ந்துவிட்டாள். விழித்துப் பார்த்தபோது அவள் ஊர் அப்போதுதான் தாண்டியிருந்தது. கூப்பிடு தூரம். நிறுத்தச் சொல்லி அழுதாள். இவர் விசிலை வாயில் வைக்கவே இல்லை. "ஸ்டாப்பிங் தாண்டிட்ச்சி" என்று ஒரே வார்த்தை. அடுத்த ஸ்டாப்பிங்கில் இறக்கிவிட, அவள் குழந்தையை முந்தானையில் மூடிக்கொண்டு அவ்வளவு தூரமும் மழையில் திரும்பி நடந்தாள். இதை அவர் சிரித்துக்கொண்டே சொல்வார். கேட்கிற நாங்களும் சிரிப்போம். வீட்டில் சோறு ஆறிப்போய் யாராவது தட்டைத் தள்ளினால், சினிமாவுக்கு டிக்கெட் கிடைக்காமல் திரும்பினால், "ஸ்டாப்பிங் தாண்டிட்ச்சி" என்பது எங்கள் குடும்பத்துப் பேச்சாகவே ஆகிவிட்டது.

பக்கவாதம் வந்து இடது பக்கம் விழுந்ததும் எங்கள் வீட்டுக்கு வந்தார். ஹாலில் ஜன்னலோரம் கட்டில். அங்கிருந்து ஈசிஆர் பஸ்களின் ஹாரன் கேட்கும். ஹாரனை வைத்தே எந்த டெப்போ வண்டி, டிரைவர் எப்படிப்பட்டவன் என்று சொல்லி, அந்த டிரைவரின் பரம்பரையை வைதுவிட்டுத்தான் நாஸ்தா சாப்பிடுவார். குரல் உடைந்துவிட்டதால் தலையணைக்கடியில் பழைய விசிலை வைத்திருந்தார். ஒரு விசில் அடித்தால் மகள் வர வேண்டும். இரண்டு அடித்தால் வேலை முடிந்தது, போகலாம்.

ராத்திரியில் சிறுநீர் அவர் சொல்பேச்சைக் கேட்பதில்லை. டயப்பர் போட்டுக்கொள்ளச் சொன்னதற்கு, காகித ஜட்டி போட்டுக்கொண்டு சாவதைவிட நனைந்து சாகிறேன் என்றார். ஆக தினமும் விரிப்பு, போர்வை, தலையணை உறை. மழைக்காலத்தில் வீடு முழுக்கக் கொடி கட்டி, ஃபேனைப் போட்டு, அந்த வாடைக்குள் நாங்கள் குனிந்து குனிந்து நடந்தோம். டிரையர் வந்த அன்று அதிலிருந்து எடுத்த விரிப்பைச் சூட்டோடு அவர் மேல் போர்த்தினாள் என் மனைவி. அவர் சரியாக இருக்கும் வலது கையால் அதைத் தடவித் தடவிப் பார்த்தார். "சித்திரை மாசத்து வெயில்ல காஞ்சாப்ல கீது" என்றார். அந்த மனிதர் வாயிலிருந்து நான் கேட்ட ஒரே பாராட்டு. அதுவும் ஒரு மெஷினுக்கு.

இந்த மெஷின் ஓடுகிற வரைக்கும் நைனாவை நான் பார்த்துக்கொள்கிறேன் என்று என் மனைவி தன் தம்பியிடம் சொல்லியிருந்தாள். அவன், அதாவது என் மச்சான், பொத்தேரியில் காலேஜ் பக்கத்தில் வீடு வைத்திருக்கிறான். அறைகளை மாணவர்களுக்கு வாடகைக்கு விட்டிருக்கிறான். அப்பா வந்தால் கட்டிலை எங்கே போடுவது என்று முன்பே யோசித்தும் வைத்திருந்தான்: கிச்சனுக்கு வெளியே, சிலிண்டர் வைக்கிற இடத்துக்குப் பக்கத்தில். பையன்களுக்கு வாடை அடிக்கக் கூடாதாம். மாமனாருக்கு அதில் ஒரு குறைதான். "அங்க ரயிலு சத்தந்தான் கேக்கும். ரயில்ல கண்டக்டரே கெடையாது" என்றார். அங்கே போக அவருக்கு எவ்வளவு இஷ்டம் என்று எங்கள் எல்லாருக்கும் தெரியும்.

லுங்கி அடைத்த மறுநாள் நான் வேலைக்குப் போயிருந்தபோது என் மனைவி டிரையரைப் போட்டாள். கொஞ்ச நேரத்தில் அது சுற்றுகிறது, சூடு இல்லை. ஈர விரிப்பு உள்ளே ராட்டினம் ஆடிக்கொண்டிருந்தது. அன்றைக்கென்று புயல் சின்னம் வேறு. மறுநாளும் சூடில்லை. கொடியில் இடம் இல்லை. கட்டிலில் விரிக்க ஒரு துண்டுத்துணி மிச்சமில்லாமல் என் புதுவேட்டியை எடுத்து விரித்தாள். அன்று ராத்திரி அவள் தம்பிக்குப் போன் போட்டாள். ஞாயிற்றுக்கிழமைக்குள் மெஷின் சரியானால் பரவாயில்லை, இல்லாவிட்டால் வந்து கூட்டிக்கொண்டு போ, என்னால் முடியவில்லை என்றாள். ஹாலில் கட்டில் கிடந்த இடத்துக்கு அது நன்றாகவே கேட்டிருக்கும்.

என்னிடம் வந்து, "உங்க தெறமய இப்பக் காட்டுங்க" என்றாள்.

காட்டினேன். முதலில் பிளக்கைப் பிடுங்கிப் பிடுங்கிச் சொருகினேன். பிறகு மெஷினின் தலையில் தட்டினேன். குவாலிட்டியில் இது இரண்டாம் கட்டச் சோதனை. பிறகு கம்பெனியிலிருந்து மீட்டர் ஒன்றை இரவல் வாங்கிவந்து, பின்பக்கத் தகட்டைக் கழற்றினேன். உப்புக்காற்றில் ஸ்க்ரூ எல்லாம் துருப்பிடித்து, தேங்காயெண்ணெய் விட்டு ஊறவைத்துத்தான் அசைக்க முடிந்தது. உள்ளே பஞ்சு பஞ்சாகத் துணித்தூசி. ஹீட்டர் காயிலைச் சோதித்தேன், நன்றாக இருந்தது. கடைசியில், காற்றை வெளியே தள்ளுகிற விசிறிக்கூட்டின் மேல் விரல்நகம் அளவுக்கு ஒரு வெள்ளைத் துண்டு, இரண்டு ஒயரோடு. மீட்டரை அதன் இரண்டு காலிலும் வைத்தேன். நல்ல ஃபியூஸ் என்றால் மீட்டர் கத்த வேண்டும். கத்தவில்லை.

அதன் பெயர் தெர்மல் ஃபியூஸ். எங்கள் பக்கத்தில் பீஸு. வீட்டு ஃபியூஸ் கரண்ட் அதிகமானால் போகும், இது சூடு அதிகமானால் போகும். ஒரு தடவை போனால் போனதுதான். கம்பி கட்டி உயிர் கொடுக்கக் கூடாது, புதிதுதான் மாட்ட வேண்டும். சூடு ஏன் அதிகமாயிற்று என்பதுதான் அடுத்து கேட்க வேண்டிய கேள்வி. அதற்கு என்னிடம் உடனடியாக விடை இருந்தது. மூத்திரம். உப்புக் கலந்த துணியைத் தினமும் போட்டால் உப்பு உள்ளே படிந்து மெஷினை அரித்துவிடும். என் விஞ்ஞானம் எனக்கே அழகாகத் தெரிந்தது. உடனே மச்சானைப் போனில் கூப்பிட்டேன். கையெல்லாம் எண்ணெய் என்பதால் ஸ்பீக்கரில் போட்டேன்.

"மச்சான், இங்க ரெண்டு பீஸு போயிட்ச்சி. ஒண்ணு மிசின்ல. மூத்தரத்தாலயே அத்தப் போக வச்சது இன்னொண்ணு. மிசினுக்காவது ஸ்பேரு கெடைக்கும்."

மச்சான் விழுந்து விழுந்து சிரித்தான். நானும் சிரித்தேன். நல்ல ஜோக் என்றால் இரண்டு தடவை சொல்லும் வழக்கம் எனக்கு உண்டு. இரண்டாவது தடவை சொல்லிக்கொண்டிருந்தபோது ஹாலிலிருந்து அந்த உடைந்த குரல் வந்தது.

"இன்னா ஃபுட்போர்டு, எந்த பீஸ மாத்தப்போற?"

அவர் சிரிக்கிறாரா என்று எட்டிப் பார்த்தேன். பாதி முகம் எப்போதும் சிரிக்காது, மறுபாதி ஜன்னல் பக்கம் திரும்பியிருந்தது. சும்மா தமாஷ் மாமா என்றேன். தமாஷுதான் என்றார். அன்றிலிருந்து பொழுது சாய்ந்தால் தண்ணீர் குடிப்பதை நிறுத்திவிட்டார். மாத்திரைக்கு மட்டும் ஒரு மடக்கு. உதடு வெடித்துத் தோல் உரிந்தது. என் மனைவி தண்ணீர் டம்ளரை வாயருகே கொண்டுபோனால் பல்லைக் கடித்துக்கொள்வார். மழைக் குளிரில் தாகம் எடுக்காது என்று நான் அதற்கும் ஒரு விஞ்ஞானம் சொன்னேன்.

சனிக்கிழமை. செங்கல்பட்டில் போய் ஸ்பேர் வாங்க வேண்டும் என்றால் அந்த மழையில் யார் போவது. நம் ஊரில் எதற்கும் ஒரு வழி இருக்கிறதே, டைரக்ட். ஸ்விட்ச் போனால் ஒயர் இரண்டையும் முறுக்கி டைரக்ட். மோட்டாருக்கு ஸ்டார்ட்டர் போனால் டைரக்ட். வெள்ளைத் துண்டைக் கழற்றி எறிந்தேன், இரண்டு ஒயரையும் சேர்த்து முறுக்கினேன், டேப் சுற்றினேன். பக்கத்திலேயே சூட்டை அளக்கிற இன்னொரு சில்லறைச் சாமானும் இருந்தது. அதுவும் நாளைக்கு மக்கர் பண்ணும், எதற்கு வம்பு என்று அதற்கும் டைரக்ட். மெஷினைப் போட்டேன். சூடு வந்தது. ஈரத்துணியை எல்லாம் அள்ளித் திணித்துவிட்டு ஹாலுக்குப் போய், "மாமா, டைரக்ட் குட்துட்டேன். இனிமே பீஸு போற பிரச்சினையே இல்ல" என்றேன்.

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "டைரக்ட்டா? நடுவுல ஸ்டாப்பிங்கே கெடையாதா?"

"கெடையாது."

"அப்ப நீ எறங்கிக்க" என்றார்.

நன்றாகத்தான் சொன்னார் என்று நினைத்து, சிரித்துக்கொண்டே இறங்கி டீக்கடைக்குப் போனேன். டீ மாஸ்டருக்கு டிரையர் ரிப்பேர் எப்படிச் செய்வது என்று விளக்கிக்கொண்டிருந்தேன். அவரிடம் டிரையர் இல்லை என்பது எனக்கு ஒரு தடையாகப் படவில்லை. நடுவில் எங்கோ ஒரு நீள விசில் கேட்டது. மறுபடி கேட்டது. ஏதோ பஸ் நிற்கிறது என்று நினைத்து இன்னொரு டீ சொன்னேன்.

நின்றது பஸ் இல்லை. வீட்டில் என் மனைவி குளித்துக்கொண்டிருந்தாள். மெஷினிலிருந்து புகை கிளம்பி ஹாலுக்கு வந்திருக்கிறது. எழுந்திருக்க முடியாத மனிதர் படுத்தபடியே ஒற்றை விசிலாக அடித்திருக்கிறார். கண்டக்டர் கணக்கில் ஒற்றை விசில் என்றால் வண்டியை நிறுத்து. மூச்சு வாங்க வாங்க அடித்துக்கொண்டே இருந்திருக்கிறார். அவள் ஈரத்தலையோடு ஓடிவந்து பிளக்கைப் பிடுங்கினாள்.

நான் வந்தபோது வாசலில் விரிப்புகள் கிடந்தன, பழுப்புப் பழுப்பாக ஓட்டை விழுந்து, தோசைக்கல்லில் மறந்த தோசை போல. மாமனார் இருமிக்கொண்டிருந்தார். விசில் இன்னும் கையில் இருந்தது. என் மனைவியைக் காணவில்லை. புகை ஏன் குழாய் வழியாக வெளியே போகாமல் வீட்டுக்குள் வந்தது என்று பார்க்கக் கொல்லைக்குப் போயிருந்தாள். குவாலிட்டிக்காரனுக்குத் தோன்றாதது. திரும்பி வந்தபோது அவள் கையில் நீலக் கட்டம் போட்ட ஒரு ஈரச்சுருட்டு, அதன் மேல் தூசி அப்பிப் பெருச்சாளி போல இருந்தது.

"இது எந்தப் பல்லியோடது?" என்றாள்.

பல்லியை அவளும் பார்த்திருந்தாள் என்பது எனக்கு அப்போதுதான் நினைவு வந்தது. நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன், என்னவென்று இப்போது தெரியவில்லை, நிச்சயம் ஜோக்தான். அவள் குரலை உயர்த்தவே இல்லை.

"எங்கப்பன் மூத்தரந்தான் மிசின அரிச்சிதுன்னு ஊரு பூரா சொன்னீங்க. அவரு தண்ணி குடிக்கறதயே வுட்டுட்டாரு. அடச்சிக்கினு இருந்தது உங்க லுங்கி."

சொல்லிவிட்டு அந்தச் சுருட்டை என் காலடியில் போட்டாள். கட்டிலில் இருந்தவர் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தார். இப்போது அவர் வாயிலிருந்து ஒரு வசை வரும், வந்தால் நான் பிழைத்தேன் என்று காத்திருந்தேன். ஃபுட்போர்டு என்று ஒரு வார்த்தை போதும். அவர் விசிலை நிதானமாகத் தலையணைக்கடியில் வைத்தார், சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார்.

அதே மழையில் திருக்கழுக்குன்றம் வழியாகச் செங்கல்பட்டு போனேன். கழற்றி எறிந்த வெள்ளைத் துண்டைக் குப்பையிலிருந்து பொறுக்கிச் சட்டைப்பையில் வைத்திருந்தேன். எத்தனை டிகிரியில் அறுந்துகொள்ளும் என்று அதன் மேல் பொடியாக அச்சடித்திருக்கும், அதே டிகிரி உள்ளதைத்தான் வாங்க வேண்டும். ஸ்பேர் கடையில் நனைந்த கோழி போல நின்று வாங்கினேன். திரும்புகிற பஸ்ஸில் உட்கார இடம் இருந்தும் படியருகிலேயே நின்றுகொண்டு வந்தேன். அங்கே நின்றுகொண்டு நான் யோசித்தது ஒன்றே ஒன்றுதான்: நாளைக்கு மச்சான் வருவதற்குள் மெஷின் சூடாக வேண்டும்.

ஞாயிறு காலை என் டைரக்ட் எல்லாவற்றையும் அவிழ்த்தேன். இரண்டு ஸ்க்ரூ, இரண்டு ஒயர், அவ்வளவுதான் அந்தப் புது ஃபியூஸை மாட்ட. சில்லறைச் சாமானின் ஒயர்களையும் பழைய இடத்தில் சொருகினேன். குழாயைக் கழற்றி உதறித் தூசி தட்டினேன், வெளிவாயில் பல்லி நுழையாத கம்பி வலையாகப் பார்த்துக் கட்டினேன். மீட்டரை வைத்தேன், கத்தியது. கருகாமல் தப்பிய ஒரே விரிப்பைப் போட்டு ஓட்டினேன். கொல்லையில் போய்க் குழாய்க்கு நேராக முகத்தைக் காட்டினேன். வெந்நீர்ப்பானையைத் திறந்தது போல் முகத்தில் அடித்தது. ஒரு ஆள் தன் வீட்டுச் சுவரின் ஓட்டைக்கு முன்னால் மழையில் நின்று சிரிப்பதைப் பக்கத்து வீட்டம்மா பார்த்துவிட்டு ஜன்னலைச் சாத்திக்கொண்டார்.

மச்சான் காரில் வந்தான். மெஷின் ஓடுகிறது என்று கேட்டதும் அவன் முகத்தில் வந்த வெளிச்சத்தை எந்த ஹீட்டராலும் தர முடியாது. அப்படின்னா நைனா இங்கேயே இருக்கட்டும், அங்கே சிலிண்டர் வைக்கவே இடமில்லை என்று செருப்பைக் கூடக் கழற்றாமல் சொன்னான். ஆனால் மாமனார் விடிகாலையிலேயே ஒற்றை விசில் அடித்து என் மனைவியைக் கூப்பிட்டிருக்கிறார். சட்டை மாட்டிவிடச் சொல்லியிருக்கிறார், துணியைப் பையில் வைக்கச் சொல்லியிருக்கிறார். எவ்வளவோ அழுது பார்த்தேன், அவர் மசியவில்லை, நீங்கள் போய்க் கேளுங்கள் என்று என்னிடம் சொல்லிவிட்டுச் சமையலறைக்குள் போய்விட்டாள்.

மச்சானும் நானும் அவரைத் தூக்கினோம். காரில் ஏற்றினால் மனம் மாறுவார் என்று மச்சான் காதில் சொன்னான். ஒரு பக்கம் கனம், ஒரு பக்கம் பஞ்சு. முன்சீட்டில் உட்காரவைத்துக் காலைத் தூக்கி உள்ளே வைத்தேன். மடியில் பை, பையின் மேல் விசில். ஈசிஆரில் ஒரு பஸ் ஹாரன் அடித்துக்கொண்டு போனது. அவர் அந்தப் பக்கம் திரும்பவே இல்லை.

நான் உள்ளே ஓடி டிரையரைத் திறந்து விரிப்பை எடுத்தேன். கை சுட்டது. நனையாமல் சட்டைக்குள் பொத்திக்கொண்டு வந்து, கார்க்கதவு வழியாக அவர் முழங்காலின் மேல் போர்த்தினேன். வலது கை அதன் மேல் ஒரு தடவை போய்வந்தது.

"மிசின் சரியாயிட்ச்சி மாமா. பீஸு புதுசு. தப்பு எம்மேலதான், எல்லாருக்கும் தெரிஞ்சிபோச்சி. எறங்கிடுங்க, வூட்டுக்குள்ள போலாம்."

அவர் விரிப்பை மடித்தார். ஒரு கையால் மடிப்பதற்கு நேரமானது. மடித்ததை என் கையில் கொடுத்தார். நேரே கண்ணாடியைப் பார்த்துக்கொண்டு சொன்னார்:

"ஸ்டாப்பிங் தாண்டிட்ச்சி."